கச்சூக்கோவுக்கு என் மூக்கு

என் வீட்டுக்காரருக்கு மூக்கு போய் மூன்று வருஷம் ஆகியிருந்தது. மூக்கு இருந்த இடத்தில்தான் இருந்தது, கண்ணாடியும் அதன்மேல்தான் உட்கார்ந்திருந்தது. மணம்தான் போய்விட்டது. கொரோனா இரண்டாவது தடவை வந்தபோது எங்கள் தெருவில் பாதிப் பேருக்குக் காய்ச்சல். பல பேருக்கு மணம் போனது, ஒரு மாதத்தில் திரும்பியும் வந்தது. இவருக்கு மட்டும் வரவில்லை. வேறு யாருக்காவது இப்படி ஆகியிருந்தால் அது ஒரு குறை, அவ்வளவுதான். இவர் சமையல்காரர்.

சாதாரணச் சமையல்காரர் இல்லை. ராஜபாளையத்தில் ஒரு மில் தொழிலாளிக்கு மகனாகப் பிறந்து, மதுரையில் கேட்டரிங் படித்து, இத்தாலிக்காரர்களின் சுற்றுலாக் கப்பலில் பதினான்கு வருஷம் சமைத்தவர். ஒன்பது மாதம் கடல், மூன்று மாதம் வீடு. நான் ஸ்ரீவில்லிபுத்தூர்க்காரி. கல்யாணமாகி இங்கே வந்த நாற்பதாவது நாள் இவர் கப்பலேறினார். மகளைப் பெற்றது, வளர்த்தது, மாமியாரைக் கடைசிவரை பார்த்துக்கொண்டது, வீட்டுக்கு மாடி எடுத்தது எல்லாம் நான் ஒருத்திதான். இதற்கிடையில் பேண்டேஜ் துணி கம்பெனியில் செக்கிங் வேலைக்கும் போய் வந்தேன். துணியில் கறை இருக்கிறதா, இழை விட்டிருக்கிறதா என்று பார்த்துத் தள்ளுகிற வேலை. பத்து வருஷம் அந்த வேலை பார்த்தால் கண்ணும் வாயும் கொஞ்சம் கடுமையாகத்தான் ஆகும். என் வாய் அதற்கு முன்பே அப்படித்தான் என்று என் தம்பி சொல்வான்.

கப்பல்கள் நின்ற வருஷம் வீட்டுக்கு வந்தவர், காய்ச்சலுக்குப் பிறகு திரும்பிப் போகவே இல்லை. கம்பெனி கூப்பிடவில்லை என்று ஊரில் சொல்லிக்கொண்டார். கம்பெனி இரண்டு முறை கூப்பிட்டது எனக்குத் தெரியும். 'இடுப்பு வலி' என்று ஒரு முறை, 'மக படிப்பு' என்று ஒரு முறை பதில் சொன்னார். கழுவுற மீனில் நழுவுற மீன் மாதிரி எல்லாரிடமும் நழுவிவிட்டு, அவருடைய அண்ணனின் மாட்டுத் தீவன வண்டியை ஓட்டிக்கொண்டிருந்தார். மணம் போன விஷயம் என்னைத் தவிர யாருக்கும் தெரியாது. மதுரையில் ஹாஸ்டலில் தங்கிப் படிக்கிற எங்கள் மகளுக்குக்கூடச் சொல்லக் கூடாது என்று என்னிடம் சத்தியம் வாங்கியிருந்தார்.

அந்த மூன்று வருஷமும் அவர் அடுப்பைத் தொடவில்லை. நான் வைத்ததைச் சாப்பிடுவார். உப்பும் புளிப்பும் காரமும் நாக்குக்குத் தெரிந்தன. மற்றதெல்லாம் மூக்கு சொல்ல வேண்டிய சங்கதியாம், அது போய்விட்டது. "உப்பு சரி" என்பார். "காரம் சரி" என்பார். மல்லி வறுத்து அரைத்த குழம்புக்கும் கடைப் பொடி போட்ட குழம்புக்கும் அதே பதில்தான். ஒரு நாள் நான் குளித்துக்கொண்டிருந்தபோது அடுப்பில் பால் அடிபிடித்துக் கருகி, அந்தத் தீய்ந்த வாடை குளியலறை வரைக்கும் வந்தது. ஈரத் தலையோடு ஓடி வந்து பார்த்தால், அடுப்புக்கு நாலடி தள்ளி உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருக்கிறார். நான் கத்திய கத்தலில் பக்கத்து வீட்டு ஜன்னல் திறந்தது. அவர் எழுந்து வந்து கருகிய பாத்திரத்தைக் கையில் வாங்கிப் பார்த்தார்.

"ஏட்டி, எனக்குத் தெரியல," என்றார். அவ்வளவுதான் சொன்னார். எனக்கு அன்றைக்கு முழுவதும் சாப்பாடு இறங்கவில்லை.

இதையெல்லாம் சொல்கிறேனே, இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும். அந்த மூன்று வருஷம்தான் எனக்குப் புருஷனோடு வாழ்ந்த மாதிரி இருந்தது. தினமும் சாயங்காலம் ஒரு ஆள் வீட்டுக்கு வருகிறார், சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டுகிறார், மின்சாரம் போனால் பியூஸைப் பார்க்கிறார். இதெல்லாம் மற்றப் பெண்களுக்குச் சலிப்பாக இருக்கும், எனக்கு அது புதிது. அவருக்கு மூக்கு வர வேண்டும் என்று ஸ்ரீவில்லிபுத்தூர்க் கோயிலில் வேண்டிக்கொண்டு, வந்தால் இவர் போய்விடுவாரே என்று அதே இடத்தில் நின்று பயந்தும் இருக்கிறேன். சாமி எதைக் கேட்டுக்கொண்டதோ தெரியாது.

அப்போதுதான் அந்தப் போன் வந்தது. கப்பலில் இவருக்கு எட்டு வருஷம் தலைமைச் சமையல்காரராக இருந்த இத்தாலியக் கிழவர். ஓய்வு பெற்ற பிறகும் அதே கம்பெனிக்கு ஆள் பார்த்துச் சொல்கிறவர். மனைவியோடு மதுரை பார்த்துவிட்டுக் குற்றாலம் வழியாகக் கேரளாவுக்குப் போகிறாராம், வழியில் ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் எங்கள் வீட்டில் சாப்பிடுவாராம். புதுக் கப்பல் ஒன்று வருகிறது, அதில் இரண்டாம் சமையல்காரர் வேலைக்கு ஆள் வேண்டும், நீ இன்னும் பழைய கையோடுதான் இருக்கிறாயா என்று பார்க்கிறேன், எனக்குக் கச்சூக்கோ வைத்துக் கொடு என்று சொன்னாராம். இவர் போனை வைத்துவிட்டு என்னிடம் இதைச் சொன்னபோது முகத்தில் மூன்று வருஷமாக இல்லாத ஒரு வெளிச்சம் இருந்தது. பார்க்க எனக்குச் சந்தோஷமாகவும் இருந்தது, பயமாகவும் இருந்தது.

கச்சூக்கோ என்பது அவர்கள் ஊர் மீன் குழம்பு. துறைமுகத்தில் விற்றது போக மிஞ்சிய மீன், கணவாய், இறால் எல்லாவற்றையும் தக்காளியிலும் சிவப்பு ஒயினிலும் வேகவைத்து, பூண்டு தேய்த்து வாட்டிய ரொட்டியின் மேல் ஊற்றிச் சாப்பிடுவது. "மிஞ்சுன மீன்ல வெக்கிறதுக்கா இம்புட்டு அலப்பறை?" என்று கேட்டேன். அவர் சிரிக்கவில்லை.

"மூக்கில்லாம எப்பிடி வெப்பீங்க?"

"நீ மூக்கா இரு," என்றார். "கை என்னோடது. மணத்த மட்டும் நீ சொல்லு. கப்பல்ல ஏறிட்டம்னா பொறவு எல்லாம் தன்னால வந்துரும்."

தன்னால் வராது என்று அவருக்கும் தெரியும். ஆனாலும் அப்படி நம்புகிற மனுஷனிடம் என்னத்தைச் சொல்வது? போக வேண்டாம் என்று சொல்ல நாக்கு நுனி வரைக்கும் வந்தது. சரி என்று சொன்னேன்.

இரண்டு வாரம் முன்னால் ஒரு ஒத்திகை பார்த்தோம். ஆலிவ் எண்ணெய் கேட்டதற்கு எங்கள் தெருமுனைக் கடைக்காரர், குழந்தைக்குத் தேய்க்கிற சின்னப் புட்டியை எடுத்துக் கொடுத்தார். ஒயினுக்கு இவர் மதுக்கடைக்குப் போனார். அங்கே இருந்த ஒரே ஒயின், தீபாவளி மருந்து மாதிரி தித்திப்பாக இருந்தது. அதில் வினிகரைக் கலந்து தித்திப்பை அடக்கினார். எண்ணெயில் பூண்டு போட்டதும் என்னைக் கூப்பிட்டார்.

"பச்ச வாடை போகணும். ஆனா வறுபட்ட வாடை வரக் கூடாது. ரெண்டுக்கும் நடுவுல ஒரு எடம் இருக்கு. அங்க சொல்லு."

எனக்கு அந்த இடம் எது என்று தெரியவில்லை. எங்கள் வீட்டில் பூண்டு பொன்னிறமாக வறுபட்டால்தான் பூண்டு. நான் "சரி" என்று சொல்வதற்குள் அது சிவந்துவிட்டது. தக்காளி கொதித்ததும் ஒரு கரண்டி வாயில் விட்டுப் பார்த்து, புளிப்புப் பத்தவில்லை என்றேன். வினிகர் விட்டார். காரம் எங்கே என்றேன். வற்றல் கிள்ளிப் போட்டார். மீன் கவிச்சி அடிக்கிறது, மஞ்சள் போடுங்கள் என்றேன். என் மூக்கை நம்பி அதையும் போட்டார். கடைசியில் ஒரு கிண்ணம் பக்கத்து வீட்டுக்குக் கொடுத்தேன். அந்த அக்கா வீட்டில் தெலுங்கு பேசுவார்கள். செத்த நேரத்தில் கிண்ணத்தைக் கழுவிக் கொண்டுவந்து, "பாகுந்தி, நல்லாருக்கு, நம்ம மீன் கொழம்புதான, தேங்கா மட்டும் அரைக்கலயோ?" என்று கேட்டாள்.

அவர் சட்டியை எடுத்து மூடி வைத்தார். "நாக்குக்கே தெரியுது. இது கச்சூக்கோ இல்ல," என்றார். என்னைக் குறை சொல்லவில்லை. குறை சொல்லியிருந்தால் நானும் நாலு வார்த்தை திருப்பிச் சொல்லி ஆறியிருப்பேன்.

அதன் பிறகு அவர் எனக்கு மணத்தைச் சொல்லிக் கொடுக்கத் தொடங்கினார். மூக்கு இல்லாதவர் மூக்கு உள்ளவளுக்கு! காலையில் இட்லி ஊற்றும்போது பூண்டைத் தட்டி எண்ணெயில் போட்டு, "இப்ப எப்பிடி அடிக்கு?" என்பார். நான் சொல்வேன். "இன்னும் போகணும்," என்பார். கண்ணை மூடிக்கொண்டு ஞாபகத்தில் இருந்து சொல்வார். ஒயின் வற்றும்போது முதலில் மூக்கைக் குத்தும், பிறகு செம்புக் குடத்தைப் புளி போட்டுத் தேய்க்கிறபோது வருமே, அந்த மாதிரி ஒரு வாடை வரும், அது அடங்கின உடனே தக்காளியை விட வேண்டும். எனக்கு ஆச்சரியமாக இருந்தது. செம்புக் குடம் தேய்க்கிற வாடையை இவர் எப்போது கவனித்தார்? வீட்டில் இருந்ததே வருஷத்துக்கு மூன்று மாதம். பதினைந்து நாளில் எனக்கு ஓரளவு பிடிபட்டது. துணி செக்கிங்கில் புதிதாகச் சேர்ந்தபோதும் இப்படித்தான், முதலில் எல்லாம் ஒன்றுபோல் தெரியும், பிறகு ஒரு நாள் குறை தானாகக் கண்ணில் விழும்.

சனிக்கிழமை வந்தது. தூத்துக்குடியில் இருந்து ஐஸ் பெட்டியில் மீன் கொண்டுவருகிறவரிடம் முன்கூட்டியே சொல்லி, பாறை மீன், விளமீன், கணவாய், இறால் எல்லாம் காலை பத்து மணிக்கே வந்துவிட்டது. இவர் கழுவித் துண்டு போட்டு, தனித்தனி டப்பாவில் வைத்து பிரிட்ஜில் அடுக்கினார். மீன் தலையில் சாறு எடுத்துத் தக்காளி மசாலும் காய்ச்சி ஒரு சட்டியில் வைத்தார். "நாளைக்கு அவிய வந்த பொறவுதான் மீனப் போடணும்," என்று சொல்லிவிட்டு, நல்ல ஒயினும் இங்கே கிடைக்காத ஏதோ ஒரு கீரையும் வாங்க மதுரைக்குப் பஸ் ஏறினார்.

அவர் போன அரை மணியில் மின்சாரம் போனது. மாதாந்திரப் பராமரிப்பாம், சாயங்காலம் ஐந்து மணிக்குத்தான் வருமாம். வெயில் மண்டையைப் பிளந்தது. நான் பிரிட்ஜைத் திறந்து திறந்து பார்த்தேன். திறக்கத் திறக்கக் குளிர்ச்சி போகும் என்றுகூட அப்போது தோன்றவில்லை. மூன்று மணிக்கு இறால் டப்பா வெதுவெதுவென்று இருந்தது. அவருக்குப் போன் போட்டேன், எடுக்கவில்லை. எனக்கு ஒன்றுதான் தெரியும். மீன் கெடாமல் இருக்க வேண்டுமென்றால் குழம்பில் போட்டுக் கொதிக்க வைத்துவிட வேண்டும். தவிர, மீன் குழம்பு என்றால் முதல் நாள் வைத்து மறுநாள் சாப்பிடுவதுதானே ருசி? எங்கள் பக்கத்தில் விருந்தாளி வருகிறார்கள் என்றால் முந்தின நாளே வைத்துவிடுவோம். உவரியோ ஊட்டியோ, இத்தாலியோ இலங்கையோ, மீன் மீன்தானே என்று நினைத்து, எல்லா டப்பாவையும் ஒரே நேரத்தில் அவருடைய சட்டியில் கொட்டினேன். புளி போட்டால் நிற்கும் என்று ஒரு சுளைப் புளியையும் கரைத்து விட்டேன். நன்றாகக் கொதிக்க விட்டு இறக்கி, சாயங்காலம் மறுபடி ஒருமுறை சுட வைத்தேன். பெரிய காரியம் செய்து முடித்த திருப்தியோடு அவர் வருகிற வழியைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஆறு மணிக்கு வந்தார். ஒயின் புட்டி, கீரைக் கட்டு, ஸ்ரீவில்லிபுத்தூரில் இறங்கி ஒரு பேக்கரியில் சொல்லி வைத்து வாங்கிய சீனி போடாத ரொட்டி. "சுகர் பேஷண்டுக்கான்னு கேட்டான்," என்று சிரித்துக்கொண்டே உள்ளே வந்தவர் சட்டியைத் திறந்தார். கரண்டியால் கிளறினார். விளமீன் கரைந்து முள்ளாக வந்தது. இறால் சுருண்டு கட்டை விரல் நகம் அளவு ஆகியிருந்தது. கணவாய்த் துண்டு ஒன்றைக் கடித்துப் பார்த்தார், பல் போகவில்லை.

நான் மின்சாரம் போன கதையைச் சொன்னேன். அவர் கேட்டுக்கொண்டார். வெண்ணெய் திரண்டு வருகிறபோது தாழி உடைந்த கதையாகிவிட்டதே என்று நானே நொந்துகொண்டு நின்றபோது, மெதுவாகக் கேட்டார்.

"வேணும்னே செஞ்சியா?"

எனக்கு உடம்பெல்லாம் பற்றிக்கொண்டு வந்தது. "வேணும்னு செய்யணும்னா எனக்கு வழியா இல்ல? மீனக் கெடுத்துத்தான் செய்யணுமா?"

"நான் போறது ஒனக்குப் பிடிக்கல. எனக்குத் தெரியும்ட்டி."

"ஆமா, பிடிக்கல," என்றேன். மூன்று வருஷமாக உள்ளே வைத்திருந்தது அப்படியே வெளியே வந்தது. "கல்யாணம் முடிஞ்சு பதினெட்டு வருசத்துல மூணு வருசமாத்தான் எனக்குப் புருசன் இருக்காரு. எப்பிடிப் பிடிக்கும்? ஆனா அதுக்காக ஒங்க தொழிலக் கெடுப்பனா? அம்புட்டுக் கேவலமாவா என்னைய நெனச்சீங்க?"

அவர் பின்வாசலில் போய் உட்கார்ந்துகொண்டார். நான் சொன்னது முழுக்க உண்மைதான். ஆனாலும் சட்டியைக் கொதிக்க வைத்தபோது என் மனசின் ஒரு மூலையில் சின்ன நிம்மதி இருந்ததா என்று கேட்டால், இல்லை என்று இன்றைக்கும் என்னால் அடித்துச் சொல்ல முடியாது.

மறுநாள் காலை ஐந்தரைக்கு நான்தான் அவரை எழுப்பினேன். "கெளம்புங்க, மீன் மார்க்கெட்டுக்குப் போவம்."

அவர் வண்டியை எடுத்தார். மார்க்கெட்டில் அப்போதுதான் பெட்டிகளைப் பிரித்துக்கொண்டிருந்தார்கள். அவர் கண்ணால் மீன் பார்க்கிற அழகைப் பார்க்க வேண்டும். செவுளைத் தூக்கிச் சிவப்புப் பார்க்கிறார், கண்ணை அழுத்திப் பார்க்கிறார், வாலை வளைத்துப் பார்க்கிறார். மூன்று வருஷம் தீவன மூட்டை தூக்கிய கைகள்போலவே இல்லை. மீனையும் கணவாயையும் எடுத்துவிட்டு இறாலுக்கு வந்தார். ஒரு குவியல் பளபளவென்று இருந்தது. தலை ஆடவில்லை, ஓடு கலங்கவில்லை. "இதத் தாங்க," என்று அந்த மீன்காரம்மாவிடம் சொல்லிவிட்டுத் திரும்பி என்னைப் பார்த்தார். நான் ஒரு கை அள்ளி மூக்குக்குப் பக்கத்தில் கொண்டுபோனேன்.

சுருக்கென்று உச்சிக்கு ஏறியது. உள்ளே கெட்டுப்போன இறால்.

அந்த இடத்தில் நான் எவ்வளவு நேரம் நின்றேன் என்று தெரியவில்லை. எனக்கு வேண்டியது என் உள்ளங்கையில் இருந்தது. வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும். மத்தியானம் கிழவர் ஒரு வாய் வைத்ததும் தட்டைத் தள்ளிவிடுவார், காரியம் முடிந்துவிடும், என்னை யாரும் கேட்க முடியாது. முந்தின நாள் அவர் கேட்ட கேள்விக்கு அப்போதுதான் எனக்கே பதில் தெரிய வேண்டியிருந்தது.

"இது வேண்டாங்க. வாடை அடிக்கு," என்றேன்.

"நேத்து ராத்திரி எறங்குன எறாலும்மா," என்றாள் மீன்காரம்மா. பிறகு அவளே மோந்து பார்த்துவிட்டு, அந்தக் குவியலை ஓரமாகத் தள்ளினாள். அடுத்த பெட்டியில் இருந்து நான் மோந்து மோந்து அரைக் கிலோ எடுத்தேன். அவர் அதை வாங்கிக்கொண்டு நகரவில்லை. ஒதுக்கிப் போட்ட அந்த இறாலையே பார்த்துக்கொண்டு நின்றார். நான் கையைத் தொட்டுத்தான் கூப்பிட வேண்டியிருந்தது.

ஒன்பது மணிக்கு அடுப்பு மூட்டினோம். அன்றைக்கு அந்தச் சமையலறையில் நாங்கள் இரண்டு பேரும் பேசியதை எண்ணினால் நூறு வார்த்தை தேறாது. "இப்ப?" என்பார். "இன்னும் பச்சையா இருக்கு," என்பேன். "இப்ப?" "போதும்." பூண்டு வெளுப்பாகவே நின்றது. கணவாயை ஒயினில் போட்டார். நான் சட்டிக்கு மேலே குனிந்து, குத்துகிற வாடை அடங்கி அந்தச் செம்புக் குட வாடையும் தணியும் வரை காத்திருந்து, "விடுங்க," என்றேன். தக்காளி விட்டார். கணவாய் ஒரு மணி நேரம் சின்னத் தீயில் கிடந்தது. எனக்குப் புளிப்புப் பத்தவில்லைதான், காரமும் காணாதுதான். நான் வாயைத் திறக்கவில்லை. நாக்கு என்னுடைய வேலை இல்லை, மூக்கு மட்டும்தான் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். எங்கள் கல்யாண வாழ்க்கையில் நாங்கள் இவ்வளவு நெருக்கமாக நின்று ஒரு வேலையைச் செய்ததில்லை. அது அவரைக் கப்பலேற்றுகிற வேலையாக இருந்ததுதான் கொடுமை.

ஒரு மணிக்குக் கார் வந்தது. கிழவர் வெள்ளைத் தாடியும் தொப்பையுமாக இறங்கி இவரைக் கட்டிக்கொண்டார். அவருடைய மனைவி என் கன்னத்தோடு கன்னம் வைத்தாள், எனக்கு வெட்கம் பிடுங்கியது. கிழவர் கூடத்தில் உட்காராமல் நேராகச் சமையலறைக்கு வந்து, கதவுநிலையில் சாய்ந்து நின்றுகொண்டார். இவர் பாறை மீன் துண்டுகளைப் போட்டார். கொஞ்ச நேரம் விட்டு விளமீன். கடைசியாக இறால். "இப்ப?" என்று வாயசைத்தார். நான் குனிந்தேன். "எறக்குங்க."

வாட்டிய ரொட்டியில் பூண்டைத் தேய்த்து, தட்டில் வைத்து, மேலே ஊற்றிக் கொடுத்தோம். கிழவர் முதல் வாய் வைத்துக் கண்ணை மூடினார். மனைவியிடம் ஏதோ சொன்னார், அவளும் தலையாட்டினாள். ரொட்டியால் தட்டைத் துடைத்துச் சாப்பிட்டுவிட்டு இன்னொரு தட்டு கேட்டார். கார் டிரைவருக்கு இதெல்லாம் சரிப்படாது என்று தெரிந்து, முந்தின நாள் சட்டியைச் சுட வைத்துச் சோறோடு போட்டேன். நாற்பது வருஷம் ஸ்டியரிங் பிடித்த மனுஷன், "இம்புட்டு ருசியா மீன் கொழம்பு எங்கயும் தின்னதில்ல தாயி," என்றார். அது எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்தது.

சாப்பிட்டு முடித்ததும் கிழவர் என்னைப் பார்த்துக் கப்பல் இங்கிலீஷில் கேட்டார். எனக்குப் புரிகிற அளவுக்கு மெதுவாகவே கேட்டார். யார் சமைத்தது?

நான் இவரைக் காட்டினேன். "ஹி," என்றேன். "ஒன்லி ஹி."

அது பொய் என்று எனக்குத் தெரியும். அந்தப் பொய் எனக்கு எவ்வளவு வருஷத்தை விலையாகக் கேட்கும் என்பதும் தெரியும். சொல்லிவிட்டேன்.

கிழவர் இவர் பக்கம் திரும்பினார். ஒன்றும் கேட்கவில்லை, சும்மா பார்த்துக்கொண்டிருந்தார். இவர் தட்டில் இருந்த இறால் ஓட்டை விரலால் அப்படியும் இப்படியும் நகர்த்தினார். பிறகு தன் மூக்கைத் தொட்டுக் காட்டினார். "நோ ஸ்மெல், செஃப். த்ரீ இயர்ஸ்." அதற்கப்புறம் அவர்கள் பாஷையில் நிறையப் பேசினார். நடுவில் என்னைக் காட்டினார். கையைக் குவித்து மூக்கருகே கொண்டுபோய்க் காட்டினார். காலையில் நான் இறாலை மோந்த மாதிரியே இருந்தது.

கிழவர் எழுந்து வந்து இவர் பக்கத்தில் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தார். தோளில் கை போட்டுக்கொண்டு ரொம்ப நேரம் பேசினார். இவர் தலையைக் குனிந்து கேட்டார். போகும்போது கிழவர் என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். அவர் கண் கலங்கியிருந்தது. கார் தென்காசி ரோட்டில் திரும்பும் வரை நாங்கள் வாசலில் நின்றோம்.

"என்ன சொன்னாரு?" என்று கேட்டேன்.

"சமையல்கட்டுக்குள்ள வந்தப்பவே அவருக்குத் தெரிஞ்சு போச்சாம். எட்டு வருசத்துல நான் சட்டிக்கு மேல குனியாம ஒரு தட்டும் அனுப்புனதில்லையாம். இன்னைக்கு ஒருக்கா கூடக் குனியல, நீதான் குனிஞ்சயாம். நானாச் சொல்லுதனான்னு பாத்துக்கிட்டு இருந்தாராம்." சட்டைக் கையை மடித்துக்கொண்டே சொன்னார். "நான் சொல்லாம இருந்திருக்கலாம். ஆனா காலைல அந்த எறால நான் வாங்கியிருப்பேன்ட்டி. கப்பல்ல மூவாயிரம் பேரு சாப்புடுவான்."

உள்ளே போய்ச் சட்டியைத் தேய்க்க எடுத்துக்கொண்டார். நான் பின்வாசல் படியில் உட்கார்ந்தேன். நான் கேட்டது எனக்குக் கிடைத்துவிட்டது. நாளைக்கும் சாயங்காலம் வருவார், சட்டையை ஆணியில் மாட்டுவார். அழுகை பொங்கிக்கொண்டு வந்தது, அடக்க முடியவில்லை. சத்தம் கேட்டுச் சோப்பு நுரையும் கையுமாக வந்து நின்றார்.

"எதுக்கு அழுத? அதான் நான் போகலல்லா. இதத்தான ஆசப்பட்ட."

"ஒங்களுக்குப் போகப் பிடிக்காம இருக்கணும்னு ஆசப்பட்டேன்," என்றேன். "போக முடியாம இருக்கணும்னு ஆசப்படலங்க."